கத்தரி பிடித்த கை

"கை வராதாம்! இங்க வந்து பாருங்க சார், கடையில உட்கார இடமில்ல!"

சலூன் வாசலில் நின்றபடி மேனேஜருக்குப் போனில் கிசுகிசுத்தார் மோப்பம். இன்சூரன்ஸ் கம்பெனியில் விபத்துக் கேஸ்களைத் துப்பறிகிற வேலை. பெற்றவர்கள் வைத்த பேர் வேறு. ஆபீசில் அது யாருக்கும் ஞாபகமில்லை.

வேன் மோதியதில் வலது கை விரல்கள் மடங்கவில்லை, கத்தரி பிடிக்க முடியவில்லை என்று சலூன்காரர் நஷ்டஈடு கேட்டிருந்தார். அது வந்தால்தான் கைக்கு ஆபரேஷன். திங்கட்கிழமை கோர்ட்டில் விசாரணை.

"வீடியோ எடுத்துட்டு வாய்யா. அதுக்கப்புறம் அந்தாளு வாயைத் திறக்கட்டும், பார்க்கலாம்," என்றார் மேனேஜர்.

மோப்பம் உள்ளே நுழைந்தார்.

சலூன்காரர் தயங்கினார். "சார் புதுசா இருக்கீங்க. அடுத்த தெருவுல நல்ல கடை ஒண்ணு இருக்கு. அங்க போயிடுங்களேன்."

வந்த ஆளைத் துரத்துகிறாரே! வருமானம் அவ்வளவு கொட்டுகிறது போல.

"உங்ககிட்டதான் வெட்டிக்கணும்னு வந்தேன்."

"அப்புறம் உங்க இஷ்டம்."

பெஞ்சில் இருந்தவர்கள் ஒருவரை ஒருவர் பார்த்துச் சிரிப்பை அடக்கிக்கொண்டார்கள்.

மோப்பம் மூலையில் உட்கார்ந்து போனை நோண்டுவதுபோலப் பாவனை செய்தார். சலூன்காரரின் முதுகு மறைத்தது. மறைத்தால் என்ன, எதிரே இத்தனை பெரிய கண்ணாடி இருக்கிறதே! அதில் தெரிந்த கையைப் படம் பிடித்தார். வலது கை கத்தரியைப் போட்டு வெளுத்து வாங்கிக்கொண்டிருந்தது. இன்னொரு கை பேன்ட் பைக்குள்.

ஒரு கையைப் பையில் விட்டுக்கொண்டு இன்னொரு கையால் வெட்டுகிறான்! என்ன கொழுப்பு!

வெட்டிக்கொண்டவர்கள் ஒவ்வொருவராக எழுந்து, "பிரமாதம்ணே!" என்று பணத்தை நீட்டிவிட்டு, சட்டென்று தொப்பியை மாட்டிக்கொண்டு கிளம்பினார்கள். வெயில் அப்படி என்று நினைத்துக்கொண்டார் மோப்பம். அவருடைய கண் முழுக்கக் கையிலேயே இருந்தது.

அவருடைய முறையும் வந்தது. முடிந்ததும் நிமிர்ந்து கண்ணாடியைப் பார்த்தார். ஒரு காதுக்கு மேல் படிக்கட்டு. உச்சியில் எலி கடித்த மாதிரி ஒரு பள்ளம். கத்தலாம் என்றால் வந்த வேஷம் கலைந்துவிடும்.

"எப்படி சார் இருக்கு?" சலூன்காரர் பரீட்சை முடிவுக்குக் காத்திருக்கிற பிள்ளைபோல நின்றார்.

மோப்பம் வாயைத் திறப்பதற்குள் பெஞ்சிலிருந்து ஒரு தடித்த மனிதர் எழுந்து வந்தார். "அடடா! சாருக்குப் பத்து வயசு குறைஞ்சிருச்சே!" என்று தன் தொப்பியை எடுத்து மோப்பத்தின் தலையில் அழுத்தினார். காதோரம் குனிந்து, "அடுத்த தெரு சலூன்ல குடுத்துடுங்க, நான் வந்து வாங்கிக்கறேன்," என்றார்.

பணத்தைக் கொடுத்துவிட்டு அடுத்த தெரு சலூனில் நுழைந்தால், முன்னால் போனவர்கள் அத்தனை பேரும் தொப்பியை மடியில் வைத்துக்கொண்டு வரிசையாக உட்கார்ந்திருந்தார்கள். தலைகளா அவை? ஒவ்வொன்றும் ஒரு கூத்து.

"அவர்கிட்ட வெட்டிக்கிட்டீங்களா? உட்காருங்க, சரி பண்ணிடலாம்," என்றார் அந்தக் கடைக்காரர்.

"என்னய்யா நடக்குது இங்க?"

"வேன் மோதி அவருக்கு வலது கை போச்சு சார். வீட்ல முடங்கிக் கிடந்தாரு. நாங்கதான் இழுத்துட்டு வந்து இடது கையில பழகச் சொன்னோம். பழகறதுக்குத் தலை வேணும்ல? தெருவே தலையைக் குடுத்துக்கிட்டிருக்கு."

"இடது கையா? என் கண்ணால பார்த்தேன். வலது கை!" மோப்பம் போனை நீட்டினார்.

கடைக்காரர் பார்த்துவிட்டு விழுந்து விழுந்து சிரித்தார். "கண்ணாடியைப் படம் எடுத்திருக்கீங்களே சார்! அதுல இடது கை வலது கையாத்தான் தெரியும். பையில கிடக்குதே, அதுதான் போன கை."

மோப்பம் போனைப் பைக்குள் திணித்தார். இத்தனை வருஷ மோப்பத்தில் இப்படி அசடு வழிந்ததே இல்லை.

"அது சரி, போட்டிக் கடை படுத்துட்டா உங்களுக்கு லாபம்தானே?"

"போட்டி போட எனக்கு ஒரு ஆள் வேணாமா சார்?"

"இதைச் சரி பண்ண எவ்வளவு?"

"அதான் அங்க குடுத்துட்டீங்களே."

போன் அடித்தது. மேனேஜர்.

"என்னய்யா, ஆதாரம் சிக்குச்சா?"

"கெட்டியா சிக்கிருச்சு சார். திங்கட்கிழமை நானே கோர்ட்ல காட்டுறேன்."

போனை வைத்தார். சீப்பும் கத்தரியுமாக நெருங்கிய கடைக்காரரின் கையைப் பிடித்துத் தடுத்தார்.

"திங்கட்கிழமை வரைக்கும் இந்தத் தலையைத் தொடாதீங்கண்ணே. ஜட்ஜ் பார்க்கணும்."