பூட்டியிருக்கும் கடை

மதுக்கூடத்தின் ஷட்டரைப் பாதி தூக்கி, குனிந்து உள்ளே வந்தார் கலால் ஆய்வாளர்.

"மனைவி பேர்ல இருந்த லைசென்ஸை உங்க பேருக்கு மாத்தணும், அவ்வளவுதானே? அவங்க இறந்ததுலேருந்து கடை பூட்டித்தானே இருக்கு?"

"பூட்டித்தான் இருக்கு, சார்," என்றான் கணவன்.

பின்னறையில் குழாய் ஓடியது. ஒரு பெண் முதுகைக் காட்டியபடி கிளாஸ்களைக் கழுவிக்கொண்டிருந்தாள்.

"அப்போ அது யாரு? ஆள் வெச்சுக் கடை நடத்தினா லைசென்ஸ் கிடைக்காது, தம்பி. முதல்ல அந்தம்மாவை வீட்டுக்கு அனுப்புங்க."

"தினமும் கூப்பிடுறேன், சார். வேலை முடியலைங்கறா."

"முதலாளி நீங்க. கண்டிச்சுச் சொல்ல வேண்டியதுதானே?"

அவன் குரலைத் தாழ்த்தினான்.

"முதலாளியே அவதான், சார். தான் செத்துப்போனது அவளுக்கு இன்னும் தெரியாது."

பின்னறையில் குழாய்ச் சத்தம் நின்றது.