கீழ்த்தட்டு மெழுகுவர்த்தி

அடுப்பங்கரை மேசையில் வரைபடம் விரிந்து கிடக்கிறது. பிற்பகல் வெயில் அதன்மேல் மங்கலாகப் படிந்திருக்கிறது. போன மாதம் மாரடைப்பிலிருந்து பிழைத்து வந்த வுகோமன், அடுத்த வெள்ளிக்கிழமைப் பயணத்துக்கு இரண்டு ஊர்களைப் பென்சிலால் வட்டமிடுகிறார். மண்டையோட்டுக் கோபுரம் நிற்கும் நீஷ்; தன்யூப் ஆற்றங்கரைக் கோட்டை உள்ள ஸ்மெதெரெவோ. முப்பது வருஷம் இரும்பு உருக்கிய கை, பென்சிலை உளிபோலப் பிடித்திருக்கிறது. மனைவி மிலுங்கா காப்பி ஊற்றுகிறாள். கல்யாணமான நாளிலிருந்து அவள் கேட்டுக்கொண்டிருந்த பயணம் இது.

தேவாலயத்திலிருந்து நேராக வுகோமனின் தங்கை ஸ்தமேனா வந்து நிற்கிறாள். "உங்க பயணத்துக்கு மெழுகுவர்த்தி ஏத்திட்டு வரேன் அண்ணி. உங்களுது மேல்தட்டுல. அண்ணனுது கீழ்த்தட்டு மணல்ல, ஆடாம அசையாம நின்னு எரிஞ்சுது." காப்பி ஊற்றும் கை அப்படியே நிற்கிறது. அவர்கள் தேவாலயத்தில் மேல்தட்டு மெழுகுவர்த்தி உயிரோடிருப்பவர்களுக்கு, கீழ்த்தட்டு செத்தவர்களுக்கு. சொன்ன பிறகுதான் ஸ்தமேனாவுக்கும் உறைக்கிறது. "கூட்டத்துல தட்டு மாறிப்போச்சு" என்று முணுமுணுக்கிறாள். வுகோமன் சிரிக்கிறார். "நல்லதாப் போச்சு. செத்தவன்கிட்ட எவன் டிக்கெட் கேப்பான்?"

குளிர்பெட்டியின் உறுமல் சட்டென்று நின்றுபோகிறது. வரைபடத்தைப் பார்க்க மிலுங்கா அவர் தோள்மேல் குனிகிறாள். அவர் சட்டைக் கழுத்திலிருந்து, இப்போதுதான் அணைந்த தேவாலயத்துத் தேன்மெழுகுவர்த்தியின் வாசனை வருகிறது. காலையிலிருந்து அவர் வாசலைத் தாண்டவில்லை. அவள் மெல்ல நிமிர்ந்து, அவர் விரலிடுக்கிலிருந்து பென்சிலை உருவி, ஓரத்தில் அவர் எழுதியிருந்த வெள்ளிக்கிழமையைக் கோடுபோட்டு அடிக்கிறாள்.

"என்ன மிலுங்கா, போகலையா?"

"போறோம்," என்கிறாள். "எந்திரிங்க. சாயங்காலம் ஒரு பஸ் இருக்கு."