பூரணியின் குரல்

பூரணி சிஸ்டர் இறந்த பிறகும் ஐந்தாம் வார்டில் அவள் குரல்தான் கேட்டுக்கொண்டிருந்தது. பழகிய குரல் இருந்தால் நோயாளிகள் சீக்கிரம் தேறுகிறார்களாம். அதனால் அவள் இடத்துக்கு வந்த எஸ்தரின் கழுத்தில் நிர்வாகம் குரலை மாற்றும் ஒரு பட்டையை மாட்டிவிட்டிருந்தது. எஸ்தர் வாயைத் திறந்தால் பூரணி பேசினாள்.

ஜன்னலோரக் கட்டிலில் வயிற்றுவலி என்று ஓர் அம்மாள் வந்து சேர்ந்தாள். எல்லாப் பரிசோதனையும் செய்தாயிற்று, வயிற்றில் ஒன்றுமில்லை.

"வலி எப்படிம்மா இருக்கு? கஞ்சி குடிச்சீங்களா?" என்று எஸ்தர் அவள் கையைப் பிடித்துக்கொண்டு கேட்டாள்.

அம்மாள் கண்ணை மூடிக்கொண்டாள். "வலியெல்லாம் கிடையாது தாயி. நான் பூரணியோட அம்மா. அவ குரலக் கேக்கத்தான் பொய் சொல்லி வந்து படுத்திருக்கேன்."

எஸ்தர் சட்டென்று கழுத்தில் கைவைத்தாள். பட்டையைக் கழற்றப் போன கையை அம்மாள் பற்றிக்கொண்டாள்.

"கழட்டிடாத. ஆனா அவ என்கிட்ட இப்படி இதமா பேசினதே இல்ல. இதமெல்லாம் இங்க படுத்திருக்கவங்களுக்குத்தான். என்கிட்ட எரிஞ்சுதான் விழுவா. ஒரே ஒரு தடவ எரிஞ்சு விழு தாயி."

காலையில் தன் சொந்த அம்மாவிடம் ஃபோனில் கத்தியதுதான் எஸ்தரின் வாயில் வந்தது.

"சாப்பிட்டேன்னு எத்தன தடவ சொல்றது? தொணதொணக்காம ஃபோன வைம்மா!"

இறந்தவளின் குரல் வார்டு முழுக்கச் சுள்ளென்று ஒலித்தது.

அம்மாளின் முகம் மலர்ந்தது. வெறுங்கையைக் காதருகே கொண்டுபோய், "வச்சிடறேன்டி, வச்சிடறேன்" என்றாள்.

ஆனால் அந்தக் கையை அவள் கீழே இறக்கவேயில்லை.