கதைப் பக்கம் போகும் புத்தகம்

மத்தியானம் சாய்வதற்குள் வெயில் மேற்கு மலைக்குப் பின்னால் போய்விடுகிறது. பள்ளத்தாக்குக்கு இதுதான் சாயங்காலம். நூலகப் பெண் விளக்கைக்கூடப் போடாமல், தூணுக்குப் பின்னால் மூச்சைப் பிடித்துக்கொண்டு நிற்கிறாள். பள்ளத்தாக்கு ஊர்களைப் பற்றிய புத்தகங்களுக்கு இங்கே இரண்டு அலமாரிகள். இடப்பக்கம் கதைகள், வலப்பக்கம் நடந்தவை. வலப்பக்கம் இருக்க வேண்டிய மண்சரிவுப் புத்தகம் மட்டும் வாரம் தவறாமல் கதைப் பக்கம் போய் உட்கார்ந்துகொள்கிறது. புத்தகத்துக்குக் காலா முளைத்திருக்கிறது? யார் வேலை என்று தெரியாமல் அவளுக்குத் தலை வெடித்துவிடும் போலிருக்கிறது. இதோ, கழுத்தில் அளவு நாடா ஆட, எதிர்க்கடைத் தையல்கார அக்கா வருகிறாள். வலப்பக்கம் கையை விட்டு அந்தத் தடித்த புத்தகத்தை உருவுகிறாள். அட்டைத் தூசியை உள்ளங்கையால் துடைக்கிறாள். இரண்டு நாவல்களை விரலால் விலக்கி, நடுவே செருகுகிறாள். ஊசியில் நூல் கோக்கிற அதே நிதானம்.

"அக்கா! அது கதை இல்லக்கா, நிஜமா நடந்தது."

அக்கா திடுக்கிடவில்லை. "தெரியும்மா. அதுல எங்க வீட்டுக்காரர் செத்துட்டாருன்னு போட்டிருக்கு. உடம்பே கிடைக்கல, எப்படிப் போட்டாங்க?"

எங்கோ குழாய் சொட்டுகிறது. அக்கா அந்தப் புத்தகத்தின் முதுகைத் தட்டி, நாவல்களோடு வரிசையாக நிறுத்துகிறாள்.

"நீ சனிக்கிழமைதானே எல்லாத்தையும் எடுத்துத் திரும்ப அடுக்குவே?"

"ஆமாக்கா."

"அப்போ அதுவரைக்கும் இங்க இருக்கட்டும்."