முதல் சொட்டு

இரண்டு குப்பிகள். நிறம் ஒன்று. மணமும் ஒன்று.

இடது கையில் இருப்பது வடித்துச் சுத்தம் செய்தது. வலது கையில் இருப்பது செய்யாதது.

அவள் வலது கையையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

பின்சுவரை ஒட்டி மண்ஜாடிகள் நின்றன. வாயில் சிவப்புத் தாள் கட்டியவை. உள்ளே அரிசி மாவோடு கார்போகரிசி ஊறிப் புளித்துக்கொண்டிருந்தது. பினாங்கின் சீன மருந்துக் கடைகளில் அந்த விதைக்கு வேறு பெயர். நம் நாட்டு மருந்துக் கடையில் கார்போகரிசி.

புளித்த சாறு முகத்துக்கு நல்லது. ஆனால் அதற்குள் வெயிலுக்கு ஆகாத ஒன்றும் ஒளிந்திருக்கிறது. அதை நீக்காமல் பூசிக்கொண்டு உச்சி வெயிலில் நின்றால் தோல் வெந்துவிடும்.

உடனே தெரியாது. மறுநாளோ அதற்கு மறுநாளோதான் கொப்புளம் கிளம்பும். ஆறிய பிறகும் கறுப்பு லேசில் போகாது.

அதைப் பிரித்தெடுக்கத்தான் மேசைமேல் அந்த நீளமான கண்ணாடிக் குழாய். ஜாடி, சீனர்களின் பழைய வழி. குழாய், அவள் படித்த படிப்பு. இரண்டையும் ஒன்றுசேர்க்கத் தெரியும்வரை அவள் சுட்டுக்கொண்டது தன் தாடையைத்தான். தழும்பு இன்னும் அங்கேயே இருக்கிறது.

எதிர்ச்சுவரில் புதிய சுவரொட்டி. பளபளக்கும் முகம். அதன் கீழே, ‘ஷர்மினியின் கண்டுபிடிப்பு’.

ஷர்மினிக்குச் சிவப்புத் தாளைக் கட்டக்கூடத் தெரியாது.

இருவரும் சேர்ந்து தொடங்கியதுதான். இவள் செய்தாள், ஷர்மினி விற்றாள். ஒரே வாழையிலைப் பொட்டலத்து நாசி லெமாக்கை, அந்தத் தேங்காய்ப்பால் சோற்றை, பங்குபோட்டுத் தின்ற நாட்கள் உண்டு. பிறகு ஒரு பெரிய கம்பெனி வந்து எல்லாவற்றையும் வாங்கிக்கொண்டது. கையெழுத்துப் போட்ட மேசைக்கு இவளை யாரும் கூப்பிடவில்லை. இப்போது இவள் இங்கே சம்பளத்துக்கு வேலை செய்கிறாள். தன் ஜாடிகளுக்குத் தானே காவல்.

இன்று பத்திரிகை அட்டைக்கு ஷர்மினியைப் படம் எடுக்கிறார்கள். கடற்கரையில், நடுப்பகலில். முகத்தில் இந்தச் சீரத்தைத் தவிர வேறெதுவும் கிடையாது, வெயிலுக்குப் பூசும் கிரீம்கூடக் கிடையாது என்பதுதான் விளம்பரமே.

இதைவிட நல்ல நாள் வாய்க்காது.

கதவைத் திறந்துகொண்டு ஷர்மினி வந்தாள்.

“அக்கா, ரெடியா? வண்டி வெளிய நிக்குது லா.”

இடது கைக் குப்பியை அலமாரியில் வைத்தாள். வலது கைக் குப்பியைத் திறந்தாள். மூடி ஒரே திருகில் வந்துவிட்டது. அதில் அவளுக்கே ஒரு சந்தோஷம்.

முதல் சொட்டு விரலில் விழுந்தது.

விரல் தன் பாட்டுக்கு மேலே போனது.

முதல் சொட்டு செய்தவள் கன்னத்துக்கு. முதல் ஜாடி திறந்த நாளிலிருந்து அதுதான் வழக்கம். வாங்க வந்தவர்கள் கண்முன்னே அவள் பூசிக் காட்டுவாள். அதைப் பார்த்துத்தான் நம்பி வாங்கினார்கள். இன்று யாரும் கேட்கவில்லை. கேட்காமலே கை பழக்கத்தில் போய்விட்டது.

அவளுக்கு உறைத்தபோது இடது கன்னம் முழுவதும் பூசியாகிவிட்டது. தாடை வரை.



தண்ணீர்க் குழாய் பக்கத்திலேயே இருந்தது. சோப்பும் இருந்தது. ஆனால் ஷர்மினி பார்த்துக்கொண்டிருந்தாள். இத்தனை வருடங்களில் முதல் சொட்டை இவள் ஒருநாளும் கழுவியதில்லை. இன்று கழுவினால் ஷர்மினிக்குப் புரிந்துவிடும்.

கழுவவில்லை.

ஷர்மினி சிரித்தாள்.

“இன்னும் இந்தப் பழக்கத்த விடலையா நீங்க?”

குப்பியை வாங்கினாள். நெற்றி, கன்னம், மூக்கு, கழுத்து என்று தாராளமாகத் தடவிக்கொண்டாள். கைப்பேசியில் முகத்தைப் பார்த்தாள்.

“வேற யாரு செஞ்சாலும் எனக்கு மனசு ஒப்பாதுக்கா. உங்க கை பட்டாத்தான்.”

இவளுக்கு எங்கோ வலித்தது. நாசி லெமாக்கின் வாழையிலை மணம் ஏனோ நினைவுக்கு வந்தது.

கழுவிடு. அந்த ஒரு வார்த்தை போதும். அது நாக்கின் நுனி வரை வந்துவிட்டது.

ஷர்மினி அதற்குள் வாசலை அடைந்திருந்தாள். மூலையில் சாத்தியிருந்த பெரிய கறுப்புக் குடையைக் காட்டினாள்.

“நீங்களும் வாங்கக்கா. அங்க எனக்குக் கொட பிடிக்க ஆளில்ல.”

வார்த்தை வந்த வழியே திரும்பிப் போனது.

அவள் குடையை எடுத்துக்கொண்டாள்.

கடற்கரையில் மணல் செருப்பைத் தாண்டிச் சுட்டது. நிழல் காலடிக்குள் சுருங்கிக் கிடந்தது. புகைப்படக்காரன் இப்படித் திரும்பு, அப்படித் திரும்பு என்று சொல்லிக்கொண்டே இருந்தான். ஷர்மினி முகத்தைச் சூரியனுக்கு நேரே தூக்கிச் சிரித்தாள். ஈரம் காயாத முகம் மின்னியது. அழகாகத்தான் இருந்தாள். அதையும் சொல்லத்தான் வேண்டும்.

கொஞ்சம் ஓய்வு என்று அவன் காமெராவை இறக்கினான்.

ஷர்மினி கண்ணை மூடிக்கொண்டு கையை மட்டும் நீட்டினாள்.

“அக்கா, கொட.”

பெரிய குடை. விரித்தால் இரண்டு முகங்களுக்கும் தாராளமாக நிழல் வரும்.

“கம்பி சிக்கிக்கிச்சு ஷர்மினி. விரிய மாட்டேங்குது.”

குடையைச் சுற்றியிருந்த வாரை அவள் அவிழ்க்கவே இல்லை.

“சே, பரவால்ல. இருங்க, சரியாகிடும்.”

“இருக்கேன்மா.”

பக்கத்தில் வந்து நின்றாள். மூடிய குடையை மணலில் ஊன்றிக்கொண்டாள். பிறகு மெதுவாகத் திரும்பி, இடது கன்னத்தை வெயிலுக்குக் கொடுத்தாள்.