நாலுக்கு ஒன்று

சாயங்காலப் பாலோடு வந்த மூக்காண்டியை, சங்கரன்கோவில் கோச்சிங் சென்டரில் கணக்கு நடத்தும் ஆனந்தகுமார் வாசலிலேயே மறித்தார். கையில் பாலில் கலந்த தண்ணீரைக் காட்டிக்கொடுக்கும் லாக்டோமீட்டர்.

“காலையில வாங்கின ஒரு லிட்டர் பால்ல நாலுக்கு ஒண்ணு தண்ணி! லிட்டருக்கு இருநூறு மில்லி. யார்கிட்ட வே காதுல பூ சுத்துதீரு?”

வாயைத் திறந்த மூக்காண்டி, ஆனந்தகுமாரின் தோளுக்குப் பின்னால் எதையோ பார்த்தார். “தப்புதான் சார்” என்று போய்விட்டார்.

“பாத்தியா நம்ம கணக்க?” என்று பின்னால் நின்ற மனைவி பக்கம் திரும்பினார் ஆனந்தகுமார்.

முத்துமணி ஏழு மாத வயிற்றைத் தாங்கியபடி, கலங்கிய முகத்தோடு நின்றிருந்தாள்.

“டாக்டரம்மா தெனமும் ஒரு டம்ளர் பால் குடிக்கச் சொன்னாவ. காப்பிக்கே பத்தலன்னு நீங்க ஏசினீய. நாந்தான் குடிச்சிட்டு, அளவு குறையாம இருக்கத் தண்ணி ஊத்தி வச்சேன்.”

அடுப்படியில் அவள் டம்ளர் கவிழ்ந்திருந்தது. பார்த்தாலே தெரிந்தது, இருநூறு மில்லி.

விடை சரிதான். வாத்தியாருக்குத்தான் தலை நிமிரவில்லை.