வலது முட்டியில் கட்டு

கிழவனின் கட்டைவிரல் மறுபடியும் இடது முட்டிக்கு வந்தது.

அங்கேயே நின்றது.

எதைத் தேடுகிறான்?

மேசைமேல் மல்லாந்து கிடந்தவன் கூரையைப் பார்த்தபடி பல்லைக் கடித்துக்கொண்டான். வலியை முகம் காட்டிக்கொடுத்துவிடக் கூடாது. வலதுதான் கொஞ்சம் தொந்தரவு என்று இரண்டு வருடமாகச் சொல்லிவருகிறான். கால்பந்து கிளப்பில் எல்லோருடைய கால்களையும் பார்த்துக்கொள்கிற கிழவன் எஸ்ராவும், சனிக்கிழமை தவறாமல் வலது முட்டியில்தான் கட்டுப் போடுகிறான்.

உண்மையில் கெட்டுக்கொண்டிருப்பது இடது.

அது வெளியே தெரிந்தால் தீர்ந்தது. இது 1911 ஏப்ரல், இந்த சீசனின் கடைசி ஆட்டம். திங்கட்கிழமை இந்த அறைக் கதவில் பட்டியல் ஒட்டுவார்கள். அடுத்த வருடத்துக்கு யார் யாரை வைத்துக்கொள்கிறார்கள் என்று. பெயர் இல்லாதவன் பூட்ஸைத் தூக்கிக்கொண்டு நடையைக் கட்ட வேண்டியதுதான். முப்பத்துநாலு வயதில், லங்காஷயரில் வேறு எந்த கிளப் சீந்தும்? மறுபடி நிலக்கரிச் சுரங்கம்தான். பத்தொன்பது வயதில் அதிலிருந்து அவனை வெளியே கொண்டுவந்ததே இந்தக் கால்கள்தான்.

எஸ்ராவை அவன் என்றைக்கும் நம்பியதில்லை. பன்னிரண்டு வருடமாகக் கால் பிடித்துவிடுகிறான், பன்னிரண்டு வார்த்தை பேசியிருப்பானா? வாயே திறக்காதவன் மனதில் என்ன ஓடுகிறது என்று யார் கண்டது? வலதை முடித்ததும் முதுகைக் காட்டித் திரும்பிக்கொள்வான். பைக்குள் கையை விட்டு என்னவோ செய்வான். பிறகு வந்து, ஒப்புக்கு என்பதுபோல் இடதையும் நீவிவிடுவான்.

ஒப்புக்கு நீவுகிறவனுக்கு இவ்வளவு நேரம் எதற்கு?

வியாழக்கிழமை சந்தேகம் ஊர்ஜிதமாயிற்று. நடையில் எதிரே வந்த மேனேஜர் நின்று கேட்டார்.

"முட்டி எப்படி இருக்கு?"

எந்த முட்டி என்று சொல்லவில்லை.

சும்மாவா கேட்பார்? யாரோ போட்டுக் கொடுத்திருக்கிறார்கள். யாரோ என்ன யாரோ! இந்த முட்டியைத் தொடுகிற கை கிளப்பில் ஒன்றே ஒன்றுதான்.

அன்று சாயங்காலம் கிழவனின் பை திறந்து கிடந்தது. உள்ளே ஒரு விஸ்கி சீசா.

அட, அப்படியா சேதி.

முந்திக்கொள்ள வேண்டும் என்று தோன்றிவிட்டது. வெள்ளிக்கிழமை காலை கிளப் தலைவர் ஹோல்ரொய்டின் மில்லுக்கே போய்ச் சொல்லிவிட்டான். ஞாயிறுதோறும் தேவாலயத்தில் குடிக்கு எதிராகப் பேசுகிறவர் ஹோல்ரொய்ட். மத்தியானமே வந்து பையைத் திறக்கச் சொன்னார். சீசாவைக் கண்டதும் முகத்தைத் திருப்பிக்கொண்டார். தொடக்கூட இல்லை. நாளைய ஆட்டத்தோடு சரி, வேறு இடம் பார்த்துக்கொள் என்றார்.

கிழவன் மறுத்து ஒரு வார்த்தை சொல்லவில்லை.

மாட்டிக்கொண்டவன் என்ன பேசுவான் என்று நினைத்துக்கொண்டான் அவன். ஆனாலும் சாப்பாடு இறங்கவில்லை.

இப்போது அறையில் அவர்கள் இரண்டு பேர்தான். மற்ற ஆட்டக்காரர்கள் நடையில் வரிசையாக நிற்கிறார்கள். பலகைச் சுவரைத் தாண்டிக் கூட்டத்தின் இரைச்சல். இடையே மேனேஜரின் குரல். கோல்கீப்பரிடம் கேட்கிறார்.

"முட்டி எப்படி இருக்கு?"

பிறகு அடுத்தவனிடம். அதே கேள்வி.

அதற்கடுத்தவனிடமும்.

பட்டியல் போடும் நேரத்தில் எல்லோரிடமும்தான் கேட்கிறார்.



எஸ்ரா வலது முட்டியில் கட்டை இறுக்கி முடிச்சுப் போட்டான். பைக்குப் போனான். இந்தத் தடவை முதுகைக் காட்டித் திரும்பிக்கொள்ளவில்லை. விஸ்கி சீசாவை எடுத்துவந்து அவன் கையில் வைத்தான்.

"குதிரைக்குப் போடுற எண்ணெய். உன் இடதுக்கு இதுதான் கேக்குது. சூடு பண்ணித் தேய். புதுசா வர்றவன்கிட்டயும் வலதையே காட்டு. நேத்தே எண்ணெய்னு சொல்லியிருப்பேன். யார் காலுக்குன்னு கேப்பாங்களே, அதான் பேசாம இருந்துட்டேன். இங்க எவனோ போட்டுக் குடுக்குறான்ப்பா. நீ பாத்து இருந்துக்க."

பன்னிரண்டு வருடத்தில் எஸ்ரா இவ்வளவு பேசி அவன் கேட்டதில்லை.

எழுந்து உட்கார்ந்து தக்கையைப் பிடுங்கினான். கற்பூரமும் டர்பென்டைனும் குப்பென்று அடித்தன. சனிக்கிழமை ராத்திரிகளில் மனைவி மூக்கைப் பொத்திக்கொள்ளும் வாடை. இடது முட்டியிலிருந்து மட்டும் வரும் வாடை.

சொல்லிவிட வேண்டும். இப்போதே. நான்தான் சொன்னேன், என்று இரண்டே வார்த்தை.



நடையில் காலடிச் சத்தம். ஆட்டக்காரனின் பூட்ஸ் இல்லை. நிதானமான, விலையுயர்ந்த ஷூ. ஆட்டத்துக்கு முன்னால் ஒவ்வொருவருக்கும் கை கொடுக்க ஹோல்ரொய்ட் வருவது வழக்கம்.

சீசா அவன் கையில் இருந்தது.

எஸ்ரா கதவைப் பார்த்தான். அவனைப் பார்த்தான். கையை நீட்டினான்.

கதவு திறந்தபோது சீசா எஸ்ராவின் கையில் இருந்தது. ஹோல்ரொய்ட் முகத்தைத் திருப்பிக்கொண்டார்.

அவன் குனிந்து வலது முட்டியைத் தடவிக்கொண்டிருந்தான்.